சொல் உட்காராத இடம்

உக்காரும்மா. அந்த நாற்காலி வேண்டாம், அதுக்கு ஒரு கால் ஆடும். இதுல உக்காரு. புஷ்பம் உள்ள ரூபிக்கு உடுப்பு மாத்திக்கிட்டு இருக்கா. மாத்தி, தலை சீவி, பவுடர் போட்டு, சக்கர நாற்காலியில வச்சுத் தள்ளிக்கிட்டு வர நேரமாகும். ஒத்தக் கையும் ஒத்தக் காலும் விழுந்தவளுக்குச் சேலையா கட்ட முடியும், நைட்டிதான். அதுக்கே அவ்வளவு பாடு.

காப்பி சொல்லட்டுமா? வேண்டாமா? சரி.

எனக்கு இப்ப வண்டி வரும். டி.வி.காரங்க வண்டி. சின்னப் பிள்ளைங்க பாட்டுப் போட்டி நடத்துதாங்கள்ல, அதுல இன்னைக்கு நான்தான் விருந்தாளி. பிள்ளைங்க எல்லாம் என் பாட்டாப் பாடுமாம், நான் கண்ணைத் துடைச்சுக்கிடணுமாம். துடைச்சுக்கிடலாம், அதுக்கென்ன. கீழ ஆரன் சத்தம் கேட்டா நான் கிளம்பிருவேன், தப்பா எடுத்துக்காத. அதுவரைக்கும் நீ போன தடவை கேட்டியே, அதுக்குப் பதில் சொல்லுதேன்.

"வாதம் வர்றதுக்கு முன்னால அம்மா எப்படிப் பேசுவாங்க, நிறையப் பேசுவாங்களா, கம்மியாப் பேசுவாங்களா"ன்னு கேட்ட. பேச்சு போனவங்களுக்குப் பேச்சை வரவைக்கிற பொண்ணு, நீ அதைத்தான் கேப்ப. ஆனா கேட்ட ஆள்தான் சரியில்ல. கட்டின பொண்டாட்டி எப்படிப் பேசுவான்னு சொல்ல நான் இத்தனை நாள் யோசிச்சேன்னா பாத்துக்கோ.

நான் யாருன்னு உனக்குத் தெரியும். தெரியாத மாதிரி இருக்காத. முதல் நாள் வந்தப்ப வாசல்ல நின்னு உங்க அம்மாவுக்குப் போன் போட்டு, பாக்யன் சார் வீட்லதான் இருக்கேன்னு சொன்னியாம். புஷ்பம் சொன்னா. என் காதுலயும் விழுந்துச்சு, ஆனா எனக்கு விழுந்தது வார்த்தை இல்ல. மெட்டு. கீழ ஆரம்பிச்சு ஒரு தாவு தாவி, "சார்"ல வழுக்கிக்கிட்டு இறங்குச்சு. இப்பக்கூடப் பாடிக் காட்டுவேன். நீ என்ன சொன்னேன்னு மட்டும் அடுத்தவங்க சொல்லித்தான் தெரியணும்.

சிரிக்காத. இது நோயுமில்ல. சின்னதுலருந்தே அப்படித்தான். அப்ப நான் பாக்யன் இல்ல, பாக்கியநாதன். பாளையங்கோட்டையில வேதக்கோயில்ல ஆர்கன் வாசிச்சவன். பாதிரி ஐயர் பிரசங்க பீடத்துல ஏறி ஒரு மணி நேரம் பிரசங்கம் பண்ணுவாரு. வீட்டுக்கு வந்ததும் எங்க அப்பா, இன்னைக்கு என்ன வசனம்லேன்னு கேப்பாரு. எனக்குத் தெரியாது. ஆனா பிரசங்கம் எங்க ஏறிச்சு, எங்க இறங்குச்சு, எந்த இடத்துல ஐயர் தொண்டையைச் செருமினாருன்னு அப்படியே ஆர்கன்ல வாசிச்சிருவேன். அதுக்கும் அடி விழும். அடிக்கும்போது அப்பா திட்டுவாருல்ல, அதுவும் ஒரு மெட்டு.

சினிமாவுக்கு வந்த பிறகு அதுதான் எனக்குச் சோறு போட்டுச்சு. ஒரு தயாரிப்பாளர் போன்ல என்னைக் கிழி கிழின்னு கிழிச்சாரு. அம்மா, அக்கா எல்லாத்தையும் இழுத்தாரு. நான் "சரி சார், சரி சார்"னு சொல்லிக்கிட்டே அதை அப்படியே பிடிச்சு, அவர் படத்து வில்லனுக்கே தீம் மியூசிக்காப் போட்டேன். படம் பாத்துட்டுக் கட்டிப் பிடிச்சுக்கிட்டாரு. எதுக்குத் திட்டினாருன்னு எனக்கு இன்னைவரைக்கும் தெரியாது.

இந்த ஃபேன் கொஞ்சம் கத்தும். சுருதி ரெண்டரைக் கட்டை. பழகிருச்சு.

சரி, ரூபிக்கு வாரேன். அவ ரெண்டு விதமாப் பேசுவா. முன்னால ஒரு விதம், பின்னால ஒரு விதம்.

முன்னாலன்னா, கல்யாணமான புதுசுல, பேச்செல்லாம் வளைவும் நெளிவும்தான். பாளையங்கோட்டையில ஏழு அண்ணன் தம்பிகளோட பிறந்தவ, பேசித்தானே சோத்தை வாங்கணும். மீன்காரிகிட்டப் பேரம் பேசுவா பாரு, அதைக் கேக்கவே நான் மாடியிலருந்து இறங்கி வருவேன். "என்னங்க, தண்ணி ஆறுது, குளிக்க வாரீங்களா இல்லியா"ன்னு ஒரு நாள் கூப்பிட்டா. குளிக்கப் போகல. ஆர்மோனியத்தை எடுத்தேன். அதுதான் அந்த மழைப் பாட்டு, ரெண்டு பேரும் மாட்டு வண்டிக்கு அடியில ஒதுங்குவாங்கள்ல, அது. ஊர் பூரா ஓடிச்சு. அப்பல்லாம் அவளும் கேட்டுச் சிரிப்பா. "என் தண்ணியை வித்துட்டீங்களே"ம்பா. அது வார்த்தையா ஞாபகம் இருக்கேன்னு பாக்கியா? பல தடவை சொல்லியிருக்கா, அதான்.

பின்னாலன்னா, ரயில்வே ஸ்டேஷன்ல அறிவிப்புச் சொல்லுவாங்கள்ல, அப்படி. "சாப்பாடு எடுத்து வச்சிருக்கேன். மாத்திரை மேசையில இருக்கு. நாளைக்கு பிளம்பர் வாரான்." எல்லாம் ஒரே சுரம். ஏத்தமும் கிடையாது, இறக்கமும் கிடையாது. கேலி பண்ணிப் பாத்தேன், கெஞ்சியும் பாத்தேன். "ஏட்டி, கொஞ்சம் பழைய மாதிரிப் பேசேன்"னு கேட்டா, "பழைய மாதிரிதான் பேசுதேன்"ம்பா. அதுவும் அதே சுரத்துலதான் வரும்.

இதுல எனக்குப் புரியாதது என்னன்னா, பக்கத்து வீட்டு லூர்தம்மாகிட்டப் பேசும்போது அந்தப் பழைய வளைவெல்லாம் இருக்கும். மதில் மேல சாஞ்சுக்கிட்டுச் சிரிச்சுச் சிரிச்சுப் பேசுவா. நான் கதவைத் திறந்துக்கிட்டு வெளிய வந்தா உடனே பட்டுனு பேச்சு தட்டையாயிரும். நான் என்ன அவ பேச்சைத் திருடவா வாரேன்?

எப்ப மாறிச்சுன்னு கேக்கியா? பிள்ளை போன பிறகு.

ஆமா. உனக்குத் தெரியாதா? எங்கயும் எழுதல, நானும் எந்தப் பேட்டியிலயும் சொன்னதில்ல. எட்டாம் மாசம். பொம்பளைப் பிள்ளைன்னாங்க. நான் பாக்கல. ரெக்கார்டிங் முடிச்சுட்டு ஆஸ்பத்திரிக்குப் போறதுக்குள்ள எல்லாத்தையும் முடிச்சு, லூர்தம்மா வீட்டுக்காரர் கல்லறைத் தோட்டத்துக்கே கொண்டு போயிட்டாரு. அதுக்கப்புறம் எங்களுக்குப் பிள்ளை இல்ல.

நீ முகத்தை அப்படி வச்சுக்கிட வேண்டாம். எத்தனையோ வருஷமாச்சு. எனக்கு இப்ப அதை நினைச்சா ஒண்ணும் தோணல. அன்னைக்கும் பெருசா ஒண்ணும் தோணல, உள்ளதைச் சொல்லுதேன். ஆஸ்பத்திரி வராந்தாவுல நின்னேன். டெட்டால் வாசம். எங்கயோ ஒரு தள்ளுவண்டிச் சக்கரம் கிரீச் கிரீச்சுன்னு மூணு சுரத்துலயே போய்க்கிட்டு இருந்துச்சு. பின்னணி இசை போடும்போது ரீலைப் பாத்துக்கிட்டே, இந்த இடத்துல மியூசிக் வேண்டாம், சும்மா விட்டுருங்கன்னு சொல்லுவேன்ல, அந்த மாதிரி ஒரு இடம். உள்ள ஒண்ணுமே வாசிக்கல. அப்ப நின்னதுதான், அந்த இடத்துக்கு அப்புறம் என்ன வாசிக்கணும்னு எனக்கு இன்னும் பிடிபடல.

ஆனா ஒரு வருத்தம் மட்டும் உண்டு. அது போகல, போகவும் போகாது. உன்கிட்டச் சொல்லுததுக்கு என்ன, நீ யாரோதானே.

அவ என்கிட்ட ஒரு வார்த்தை சொல்லல.

டாக்டரம்மா என்னைக் கூப்பிட்டுக் கேட்டாங்க. "பிள்ளைக்கு அசைவு இல்லைன்னு முந்தின நாளே தெரிஞ்சிருக்கு, காலையிலயே கூட்டிட்டு வந்திருந்தா ஒருவேளை காப்பாத்தியிருக்கலாம், இப்படிச் சாயங்காலம் வரைக்கும் வீட்ல வச்சிருக்கீங்களே"ன்னு. எனக்குத் தெரிஞ்சாத்தானே. காலையில நான் வீட்லதான் இருந்தேன். வண்டி இருந்துச்சு, டிரைவர் இருந்தாரு. ரெக்கார்டிங் தியேட்டருக்குப் போன் போட்டிருந்தாக்கூட ஓடி வந்திருப்பேன். ஒரு வார்த்தை சொல்ல வேண்டாமா? இதை அவகிட்டயே கேட்டேன். கட்டில்ல கிடந்தா. "ஏன் ரூபி, என்கிட்ட ஒரு வார்த்தை சொல்லக்கூடாதா"ன்னு கேட்டேன். என்னையே பாத்தா. ரொம்ப நேரம் பாத்தா. பிறகு சுவத்துப் பக்கம் திரும்பிப் படுத்துக்கிட்டா. எத்தனையோ தடவை கேட்டுட்டேன். குடிச்சுட்டு ஒரு தடவை சத்தம் போட்டே கேட்டேன். அப்பவும் சுவத்தைத்தான் பாத்தா. இப்பக் கேக்கவும் முடியாது, அவளால சொல்லவும் முடியாது. அப்படியே போகட்டும்.

சரி, நீ பாட்டுப் பத்திக் கேட்டியே, அதைச் சொல்லுதேன். அந்தத் தாலாட்டு.

உங்க அம்மாவும் அதைப் பாடித்தான் உன்னைத் தூங்க வச்சாங்கன்னு சொன்ன. எல்லாரும் அதைத்தான் சொல்லுதாங்க. ஏர்போர்ட்டுல சோதனை போடுற போலீஸ்காரம்மா என் பையைத் திறந்து வச்சுக்கிட்டே, என் மகன் உங்க பாட்டுக் கேட்டாத்தான் சார் கண்ணை மூடுவான்னு சொன்னா. எனக்குச் சொந்தமா ஒரு பிள்ளை இல்ல, ஆனா இந்த ஊர்ல பாதிப் பிள்ளைங்களைத் தூங்க வச்சவன் நான்தான். வேடிக்கையாத்தான் இருக்கு.

அந்தப் படத்து டைரக்டர் ஒரு தாலாட்டு வேணும்னாரு. வழக்கமான தாலாட்டு வேண்டாம், கேட்டா பெத்தவளுக்குத் தூக்கம் போயிரணும், ஆனா பிள்ளை தூங்கணும்னாரு. இது என்ன சிச்சுவேஷன்? ஹோட்டல்ல ரூம் போட்டு உக்காந்து மெட்டு மெட்டாப் போடுதேன், அந்த மனுஷன் தலையை ஆட்டி ஆட்டி எல்லாத்தையும் தள்ளிட்டாரு. கடைசியில ரெக்கார்டிங் தேதி குறிச்சாச்சு. மெட்ராஸ்ல உள்ள நல்ல வயலின்காரங்க அத்தனை பேருக்கும் கால்ஷீட் சொல்லியாச்சு. விடிஞ்சா ரெக்கார்டிங், கையில மெட்டு இல்ல. என் நிலைமையை நினைச்சுப் பாரு.

காலையில சட்டையை மாட்டிக்கிட்டு இருக்கேன். கீழ டிரைவர் ஆரன் அடிக்காரு. மனசுல ஒண்ணுமே இல்ல, மானம் போகப்போகுதுன்னு மட்டும் தெரியுது. படி இறங்கக் கதவுகிட்டப் போனேன். ரூபி கதவு நிலையைப் பிடிச்சுக்கிட்டு நின்னா. ஏதோ சொன்னா.

என்னமோ சொன்னா. பால்காரன், கேஸ், கறிவேப்பிலை, வீட்ல என்ன சொல்லுவாங்க, அப்படி ஏதாவது. எனக்கு அதா கேட்டுச்சு? முதல் அடி கொஞ்சம் மேல எழும்பி இறங்குச்சு. ரெண்டாவது அடி அதையே திருப்பிச் சொல்லி, இன்னும் கொஞ்சம் மேல போயி நடுங்கிச்சு. பிறகு மூணாவதா அஞ்சே அஞ்சு சுரம், தன்ன தன்னன்ன, படிப்படியாக் கீழ இறங்கி, முடியாம, அப்படியே தொங்கிக்கிட்டு நின்னுச்சு. இதுதான், இதைத்தான் அந்த டைரக்டர் கேட்டாரு.

அவ இன்னும் ஏதோ சொல்ல வாயைத் திறந்தா. இன்னொரு வார்த்தை பேசினா மெட்டு கலைஞ்சு போகும்லா? கையைக் காட்டினேன். இப்படி, விரலை மடக்கி, மூடி. ஆர்க்கெஸ்ட்ராவை நிறுத்துற கை. இந்தக் கையைப் பாத்தா நாப்பது வயலினும் ஒரே நேரத்துல நிக்கும். அவளும் நின்னுட்டா. பிறகு ஒரு வார்த்தை பேசல பாரு, மகராசி. அந்த மெட்டை முனகிக்கிட்டே படி இறங்கினேன். வண்டியில டிரைவர்கிட்டக்கூடப் பேசல. தியேட்டர் வரைக்கும் முனகிக்கிட்டே போய், ஆர்மோனியத்துல கை வச்ச பிறகுதான் மூச்சு விட்டேன்.

என்ன? ஆமா, அதே நாள்தான். அன்னைக்குச் சாயங்காலம்தான் லூர்தம்மா அவளை ஆட்டோவுல ஆஸ்பத்திரிக்குக் கொண்டு போனாங்க. ஏன் கேக்க?

ஒண்ணுமில்லைன்னா சரி. தண்ணி குடி.

அன்னைக்குப் பாடலாசிரியருக்குத்தான் சோதனை. நல்ல மனுஷன், போய்ச் சேர்ந்துட்டாரு. முதல் ரெண்டு அடியையும் உக்காந்த இடத்துல எழுதிட்டாரு. "வெள்ளை நிலவிறங்கி, வீட்டுல வந்து முகங்காட்டுது." அம்சமா உக்காந்துச்சு. மூணாவது இடம்தான், அந்தத் தன்ன தன்னன்ன, அதுலதான் மாட்டிக்கிட்டாரு. கண்ணே உறங்குன்னு போட்டாரு, மானே உறங்குன்னு போட்டாரு, சந்தமெல்லாம் சரிதான். பாடிப் பாத்தா ஒட்டல. வெத்திலையைத் துப்பிட்டு வந்து, "பாக்யன், இந்த இடத்துல ஏற்கெனவே யாரோ உக்காந்திருக்காங்கய்யா. நான் என்ன எழுதினாலும் எழுந்திரிக்க மாட்டேங்கு"ன்னாரு. நேரமாச்சு. கால்ஷீட் முடியப் போகுது. நான் பாடகியைக் கூப்பிட்டு, அந்த இடத்துல வார்த்தை வேண்டாம்மா, வாயை மூடி முனகிருன்னு சொன்னேன்.

அந்த முனகல்தான் பாட்டையே தூக்கிச்சு. பத்திரிகையில எல்லாம் எழுதினாங்க, சொல்லால் சொல்ல முடியாத தாய்மை, அப்படி இப்படின்னு. எனக்கு விருது குடுத்தாங்க. எல்லாத் தாய்மாரும் அந்த இடம் வந்ததும் ம்ம்ம்னு முனகித் தொட்டிலை ஆட்டுவாங்க. உங்க அம்மாவும் முனகியிருப்பாங்க.

ரூபிக்கு மட்டும் அது ஆகாது. ரேடியோவுல வந்தா எழுந்து போய் நிறுத்திருவா. ஞானஸ்நானத்துக்கு, பிறந்தநாளுக்குன்னு எங்கயாவது போனா என்னைப் பாடச் சொல்லுவாங்க. நான் தொண்டையைச் சரி பண்ணுததுக்குள்ள அவ எழுந்து பந்தி நடக்கிற பக்கம் போயிருவா. விருது வாங்க மேடைக்கு வரச் சொன்னாங்க, தலைவலின்னு வரல. புருஷன் வளர்ச்சி சில பொம்பளைங்களுக்குப் பிடிக்காதுன்னு டிரைவர்கூடச் சொன்னாரு. நான் அப்படி நினைக்கல. ரசனை இல்ல, அவ்வளவுதான். ஏழு அண்ணன் தம்பிகளோட பிறந்தவளுக்கு எங்கருந்து ரசனை வரும்?

அதுக்குப் பிறகு நானும் நிறையப் படம் பண்ணினேன். பண்ணினேனே தவிர, அந்த மாதிரி ஒண்ணு விழல. கம்ப்யூட்டர் வந்துச்சு, பையனுங்க வீட்டு ரூம்லயே நாப்பது வயலின் வாசிச்சானுங்க. காலம் மாறிப்போச்சு, என் மெட்டு எடுபடல. எல்லாரும் அதைத்தான் சொல்லுதாங்க. எனக்கும் அப்படித்தான் தோணுது. வீட்லயும் அந்தத் தட்டைப் பேச்சு. எதைக் கேட்டு எதைப் போட?

அவளுக்கு வாதம் வந்த அன்னைக்கும் நான் பக்கத்து ரூம்லதான் இருந்தேன். காதுல ஹெட்போன் மாட்டி ஏதோ நோண்டிக்கிட்டு இருந்தேன். கூப்பிட்டாளோ என்னமோ. எவர்சில்வர் டம்ளர் விழுந்து உருண்டது மட்டும் கேட்டுச்சு. தரையில உருளும்போது சுரம் ஏறிக்கிட்டே போகும், கவனிச்சிருக்கியா? அது நிக்கிற வரைக்கும் கேட்டுட்டுத்தான் எழுந்து போனேன்.

இந்தா, வந்துட்டாங்க. மெதுவாத் தள்ளு புஷ்பம், மிதியடி மடங்குது. இங்க கொண்டா, ஜன்னல் பக்கம். வா ரூபி. இந்தப் பொண்ணு வந்திருக்கு பாரு. சிரிக்கா பாத்தியா? உன்னைப் பாத்தா சிரிக்கா. என்னைப் பாத்தா அந்தச் சிரிப்பும் கிடையாது, போகட்டும்.

நீ ஆரம்பிம்மா. முதல்ல சொன்னியே, பேச்சு ஒரு பக்கம், பாட்டு ஒரு பக்கம், பேச்சுப் பக்கம் பூட்டிக்கிட்டாலும் பாட்டுப் பக்கம் திறந்திருக்கும், தண்ணின்னு கேக்க முடியாதவங்ககூட முழுப்பாட்டும் பாடுவாங்கன்னு. அதை நான் நம்புதேன். பாட்டுக்கு இந்த வீட்ல பஞ்சமில்ல. ஆனா இவ பாட மாட்டேங்காளே. கோயில் பாட்டெல்லாம் பாடிப் பாத்துட்ட. உதடு அசையுது, சத்தம் வரல. போன தடவை இந்தத் தாலாட்டை நீ பாடினப்ப முகத்தைத் திருப்பிக்கிட்டா.

என்ன, நானா? நான் பாடணுமா? வரி இல்லாம, மெட்டை மட்டும் முனகவா? அவ இடது கையைப் பிடிச்சு, தாளம் தட்டிக்கிட்டேவா? நீ சொன்னா சரி. வைத்தியம்னு வந்த பிறகு என்ன வெக்கம்.

குடு ரூபி, கையை. குளுந்து கிடக்கு. தன்ன தனனதன்னா. தன்னதனன்ன தனதன்னனா. ம்ம்ம். இந்தா, பாக்கா. என்னையே பாக்கா. இன்னொரு தடவையா? தன்ன தனனதன்னா. தன்னதனன்ன தனதன்னனா. தன்ன தன்னன்ன.

இல்லம்மா. பாக்கா, அவ்வளவுதான். இதே மாதிரித்தான் அன்னைக்கு ஆஸ்பத்திரியிலயும் பாத்தா.

ஆரன் அடிக்கான். டி.வி. வண்டி. அவனுங்க நேரத்துக்குப் போகலைன்னா பிள்ளைங்களை மேக்கப்போட உக்கார வச்சுருவானுங்க, பாவம். நான் கிளம்புதேன், நீ பாடவச்சுக்கிட்டே இரு. புஷ்பம், என் கண்ணாடி எங்க? அந்தச் சால்வையை எடு. வாரேன் ரூபி. நான் வரச் சாயங்காலமாகும். தன்ன தனனதன்னா. பாரு, தொத்திக்கிட்டுச்சு, இனி ராத்திரி வரைக்கும் வாயில ஓடும். கதவைத் திற புஷ்பம்.

இரு.

யாரு அது? ரேடியோவா?

பாடுதா. ஏம்மா, பாடுதா! பாரு, ரூபி பாடுதா! நான் சொன்னேன்ல, நீ சொன்னேல்ல, வந்துட்டு பாத்தியா! சுருதியைப் பாரு, இத்தனை வருஷம் பாட வாயே திறக்காதவ, எடுப்பு சுத்தமா இருக்கு. ரெண்டாவது அடியில அந்த நடுக்கத்தைப் பாரு, பாடகிக்கு அது வரல, எத்தனை டேக் வாங்கினேன். அப்படியே போடுதா!

என்ன? வரி அது இல்லையா? போனாப் போகுது. வாதம் வந்தவ, வரி மறந்திருக்கும். மெட்டு நிக்குதே, அதைப் பாரு.

என்ன பாடுதான்னு எனக்கு எப்படித் தெரியும்? எனக்குத்தான் வார்த்தை பிடிபடாதுன்னு சொன்னேன்ல. நீ சொல்லு. மெதுவாச் சொல்லு.

"பிள்ள அசையலங்க." ம்.

"நேத்துலருந்து அசையலங்க." ம்.

மூணாவதுல? அந்த முனகுத இடத்துல என்ன சொல்லுதா?

"கொஞ்சம் நில்லுங்க."

தன்ன தன்னன்ன. கொஞ்சம் நில்லுங்க. உக்காருது பாத்தியா. கச்சிதமா உக்காருது. ஒரு மாத்திரை கூடல, குறையல. அந்த மனுஷன் இதுக்குத்தான் அன்னைக்கு அப்படித் தவிச்சாரு. ஏற்கெனவே யாரோ உக்காந்திருக்காங்கன்னு சொன்னாருல்ல. பாவம், இப்ப இருந்தா போன் போட்டுச் சொல்லியிருப்பேன், கவிஞரே, அந்த இடத்துக்கு...

நீ ஏம்மா அழுத? நல்லாத்தானே பாடினா. நீ கேட்டதும் அதைத்தானே.

பிள்ள அசையலங்க.

நேத்துலருந்து.

காலையிலயே ஒரு வார்த்தை...

மறுபடியும் ஆரன் அடிக்கான். புஷ்பம், கீழ போயி அவனைப் போகச் சொல்லு. வரலைன்னு சொல்லு. உடம்பு சரியில்ல, எதையாவது சொல்லு. போ.

இல்லம்மா, நான் உக்காரல. நாற்காலி வேண்டாம். இங்கயே, இந்த வாசல்லயே இருக்கேன். நீ அந்த ஃபேனை மட்டும் நிறுத்து. அது குறுக்க ஒரு சுரம் பிடிச்சுக்கிட்டே இருக்கு, எனக்கு வார்த்தை கேக்க மாட்டேங்கு.

நிறுத்திட்டியா? சரி.

சொல்லு ரூபி. நிக்கேன்.